சுண்டக்கறியின் ருசி சட்டியின் அடியில் இருக்கிறது

பொங்கல் முடிந்த வாரத்தில் பாளையங்கோட்டையிலிருந்து ஒரு வாசகர் எழுதியிருந்தார். பொங்கலன்று வைத்த சாம்பார், அவியல், சிறுகிழங்குப் பொரியல் எல்லாம் அன்றைக்கே நன்றாகத்தான் இருந்தனவாம். ஆனால் மறுநாள் காலையில் மீந்ததையெல்லாம் ஒரே சட்டியில் கொட்டிச் சுண்ட வைத்தபோது வந்த ருசியே வேறாம். "புதிதாக ஒரு பொருளும் சேர்க்கவில்லை. அப்படியானால் அந்த ருசி எங்கிருந்து வந்தது?" என்று கேட்டிருக்கிறார்.

நல்ல கேள்வி. திருநெல்வேலி, தூத்துக்குடி, கன்னியாகுமரிப் பக்கத்தில் பிறந்தவர்களுக்குச் சுண்டக்கறி என்றாலே வாயூறும். மற்றவர்களுக்காகச் சொல்லிவிடுகிறேன். பொங்கலன்று எங்கள் பக்கத்தில் கிழங்குகளுக்குத்தான் முதல் மரியாதை. சேனை, சேம்பு, சிறுகிழங்கு, கருணை, அப்புறம் வாழைக்காய், பூசணி, அவரை, கத்தரி, மொச்சை என்று சந்தையில் கிடைக்கும் அத்தனையும் வீட்டுக்கு வந்துவிடும். எவ்வளவு பேர் சாப்பிட்டாலும் மீதி இருக்கும். அந்த மீதிக் குழம்பும் கறியும் ஒன்றாகக் கலந்து, தண்ணீர் வற்றி, கரும்பழுப்பாக, அகப்பையில் எடுத்தால் விழாத பதத்துக்கு வருவதுதான் சுண்டக்கறி. பழைய சோற்றுக்கு அதைவிடப் பொருத்தமான துணை எனக்குத் தெரிந்து இல்லை.

எல்லோருக்கும் முதலில் தோன்றும் விடை, "தண்ணீர் வற்றியது, அதனால் உப்பும் புளியும் செறிவானது" என்பது. அது சரிதான். இரண்டு லிட்டர் குழம்பு ஒரு லிட்டராக வற்றினால் ஒவ்வொரு கரண்டியிலும் உப்பு இரண்டு மடங்கு. பருப்பிலும் தக்காளியிலும் உள்ள, ருசியைக் கூட்டும் குளுட்டமேட்டும் அப்படியே. ஆனால் நேற்றைய சாம்பாரில் உப்பையும் புளியையும் இரண்டு மடங்கு போட்டால் சுண்டக்கறி வந்துவிடுமா? வராது.

இரண்டாவது விடை, இரவு முழுக்கக் காய் குழம்பில் ஊறியது. இதுவும் உண்மை. சமைக்கும் அரைமணி நேரத்தில் உப்பும் புளியும் சேனைத் துண்டின் மேற்பரப்பைத் தாண்டி அதிகம் உள்ளே போவதில்லை. அவை ஊடுருவும் விதம் கொஞ்சம் விசித்திரமானது: இரண்டு மடங்கு ஆழத்துக்குப் போக நான்கு மடங்கு நேரம் ஆகும். ஒரு சென்டிமீட்டர் தடிமனுள்ள துண்டின் நடுவரை உப்பு சீராகப் பரவப் பல மணி நேரம் வேண்டும், அந்த நேரத்தை ஒரு ராத்திரி கொடுத்துவிடுகிறது. அவ்வளவு நேரம் ஊறியும், மறுபடி கொதித்தும் கிழங்கு ஏன் கூழாகவில்லை என்றால், அதற்குக் காரணம் புளி. காயின் செல்களை ஒட்டிப் பிடித்திருக்கும் பெக்டின், மிதமான புளிப்பில் எளிதில் கரைவதில்லை. புளித்தண்ணீரில் போட்ட காய் வேக நேரமெடுக்கும் என்பது சமைக்கிற எல்லோருக்கும் தெரிந்ததுதான்.

ஆனால் இந்த இரண்டும் சேர்ந்தாலும் அந்தக் கரும்பழுப்பு நிறத்துக்கும், தெருமுனை வரை வரும் அந்த வறுபட்ட வாசனைக்கும் கணக்குச் சொல்ல முடியாது. அது நடக்கும் இடம் சட்டியின் அடி. காகிதத்தின் கனம்கூட இல்லாத ஒரு படலம்.

முதலில் சூட்டின் கணக்கைப் பார்ப்போம். 30 டிகிரியில் இருக்கும் ஒரு கிராம் தண்ணீரைக் கொதிநிலைக்குக் கொண்டுவர 70 கலோரி போதும். அதே ஒரு கிராமை ஆவியாக்க 540 கலோரி வேண்டும், கிட்டத்தட்ட எட்டு மடங்கு. பள்ளிக்கூடத்தில் இதை உள்ளுறை வெப்பம் என்று படித்திருப்போம். இதனால் சட்டியில் தண்ணீர் தாராளமாக இருக்கும்வரை அடுப்பை எவ்வளவு கூட்டினாலும் குழம்பு 100 டிகிரியைத் தாண்டாது. கூடுதல் சூடு அத்தனையும் ஆவியாகவே மேலே போய்விடும். ஒரு லிட்டர் தண்ணீரை வற்ற வைக்க, அடுப்பில் வீணாகிற சூட்டையும் சேர்த்தால் ஏறக்குறைய 80 கிராம் சமையல் எரிவாயு செலவாகும். சுண்டக்கறிக்கு ஏன் அவ்வளவு நேரம் ஆகிறது என்பதற்கு இதுவே விளக்கம்.

100 டிகிரி என்பது வேகவைக்கும் சூடு. சிவக்க வைக்கும் சூடு அதற்கு மேலே இருக்கிறது. 1912-இல் லூயி கமில் மயார் என்ற பிரெஞ்சு மருத்துவர் சர்க்கரைக் கரைசலில், புரதங்கள் கட்டப்படும் மூலப்பொருளான அமினோ அமிலத்தைச் சேர்த்துச் சூடாக்கினார். உடலில் புரதங்கள் எப்படி உருவாகின்றன என்பதில்தான் அவருக்கு ஆர்வம். ஆனால் கரைசல் மஞ்சளாகி, பிறகு பழுப்பாகி, கரியமில வாயுவையும் விட்டது. தோசையின் முறுகல், திரட்டுப்பாலின் நிறம், வறுத்த காப்பிக்கொட்டையின் மணம் எல்லாவற்றுக்கும் பின்னால் இருப்பது அவர் பெயரிலேயே வழங்கும் மயார் வினைதான். இந்த வினை 100 டிகிரியிலும் நடக்கும், ஆனால் மிக மெதுவாக. சூடு பத்துப் பத்து டிகிரியாக ஏற ஏற அதன் வேகம் ஒவ்வொரு முறையும் இரண்டு மூன்று மடங்காகும். 100-க்கும் 130-க்கும் இடையில் வேகம் பத்து இருபது மடங்கு மாறிவிடலாம்.

இனித்தான் எனக்கு மிகவும் பிடித்த பகுதி. குழம்பு தண்ணீராக இருக்கும்போது, அடியில் சூடான பகுதி மேலே வந்து, மேலே உள்ளது கீழே இறங்கி, சட்டிக்குள் ஓயாமல் ஒரு சுழற்சி நடக்கும். அதனால் எந்தத் துளியும் அடியில் அதிக நேரம் தங்குவதில்லை. தண்ணீர் வற்ற வற்றப் பருப்பும் கிழங்கின் மாவும் தேங்காயும் சேர்ந்து குழம்பைக் கெட்டியாக்கும். ஒரு கட்டத்தில் சுழற்சி நின்றுவிடும். களி கிண்டும்போது பொளக் பொளக் என்று வெடித்துக் கையில் தெறிக்குமே, அதே நிலை. மேலே வர வழியில்லாத ஆவி, அடியில் பெரிய குமிழாகத் திரண்டு, முட்டிக்கொண்டு வெடிக்கிறது. இப்போது சட்டியை ஒட்டிய அந்த மெல்லிய படலம் தனித்து மாட்டிக்கொண்டது. அதிலுள்ள தண்ணீர் போய்விட்டது, புதுத் தண்ணீர் வர வழியில்லை. சூடு 110, 120, 130 என்று ஏறுகிறது. அரை அங்குலம் மேலே குழம்பு இன்னும் 100-இல்தான் இருக்கிறது!

ஒரே சட்டிக்குள் இரண்டு அடுப்பு இருப்பது போல இது. மேலே வேகிறது, கீழே வறுபடுகிறது. பூசணியும் வெங்காயமும் கொடுத்த சர்க்கரையும், பருப்பும் மொச்சையும் கொடுத்த அமினோ அமிலங்களும் அந்தப் படலத்தில் சந்திக்கின்றன. மயார் வினைக்குத் தண்ணீர் நிறைய இருந்தாலும் ஆகாது, அறவே இல்லாவிட்டாலும் ஆகாது. ஈரம் வற்றியும் வற்றாத நிலைதான் அதற்கு உகந்தது. அடிப்படலத்தில் சில நொடிகளுக்கு அந்த நிலை அப்படியே வாய்க்கிறது. துவரம்பருப்பில் நிறைய இருக்கும் லியூசின் என்ற அமினோ அமிலம் உடைந்து, மால்ட் பானங்களில் வருவது போன்ற ஒரு மணத்தைத் தருகிறது. வறுத்த வாசனை தரும் பைரசின்களும் உண்டாகின்றன. கூடவே மெலனாய்டின்கள் என்ற பழுப்பு நிறப் பொருள்களும்.

அப்படியே விட்டால் அது காந்தலாகிக் கசந்துவிடும். இங்கேதான் அகப்பை வருகிறது. சரியான நொடியில் அடியைச் சுரண்டிக் கிளறினால், பழுப்பேறிய படலம் பெயர்ந்து மேலே உள்ள ஈரத்தில் கரையும். சட்டியின் அடிக்குப் புதுக் குழம்பு வந்து சேரும், சூடு மறுபடி 100-க்கு இறங்கும், எல்லாம் முதலிலிருந்து தொடங்கும். ஒட்டவிடு, சுரண்டு, ஒட்டவிடு, சுரண்டு. ஒவ்வொரு சுற்றிலும் கொஞ்சம் நிறம், கொஞ்சம் மணம். இருபது முப்பது சுற்றில் சட்டி முழுவதும் நிறம் மாறிவிடுகிறது. புளிப்பு இந்த வினையைச் சற்று மந்தப்படுத்துவதும் நல்லதற்கே. அவசரமாகக் கருகாமல், கிளறுகிறவருக்குக் கொஞ்சம் கூடுதல் அவகாசம் கிடைக்கிறது.

அந்தச் சரியான நொடியை எப்படிக் கண்டுபிடிப்பது? எங்கள் ஆச்சி காதால் கண்டுபிடித்தாள். மனையில் உட்கார்ந்து வேறு எதையோ ஆய்ந்துகொண்டிருப்பாள், சட்டியைப் பார்க்கவே மாட்டாள். திடீரென்று கை அகப்பைக்குப் போகும். நான் கேட்டபோது, "சத்தம் மாறுதுல்லா, கேக்கலியா ஒனக்கு? பொளபொளன்னு இருக்கவரைக்கும் விட்டுரு. சொய்யுன்னு ஒரு சத்தம் வரும், அப்பம் கிண்டு" என்றாள். வளர்ந்த பிறகு ஒரு முள் வெப்பமானியை வாங்கி அதே சட்டியில் வைத்துப் பார்த்தேன். குழம்பின் நடுவில் 98, 99. முனையை அடியோடு அழுத்திப் பிடித்தபோது, பொளபொளப்பு அடங்கி அந்தச் 'சொய்' கேட்ட சமயத்தில் 120-ஐத் தாண்டியிருந்தது. ஆவிக்குமிழ் வெடிக்கும் சத்தம் நின்று, எண்ணெயில் வறுபடும் சத்தம் தொடங்கியிருந்தது. ஆச்சியின் காது அளந்ததும் என் கருவி அளந்ததும் ஒன்றே. அன்றைக்கு எனக்கு ஏற்பட்ட சந்தோஷத்தைச் சொல்லி முடியாது.

எண்ணெய் எங்கிருந்து வந்தது என்று கேட்கலாம். தாளித்த எண்ணெயும் அவியலின் தேங்காயெண்ணெயும் குழம்பில் நுண்துளிகளாகச் சிதறிக் கிடந்தவைதான். நடுவில் தண்ணீர் இருக்கும்வரை அவை தனித்தனியாக இருக்கும். தண்ணீர் போனதும் நெருங்கி, ஒன்றோடொன்று சேர்ந்து, ஓரத்தில் வழியும். எண்ணெய் பிரிந்து வருவது என்று நாம் சொல்வது இதைத்தான். அது ஏன் செம்மஞ்சளாக இருக்கிறது என்று கவனித்திருக்கிறீர்களா? மஞ்சளின் நிறமும் மிளகாய் வற்றலின் சிவப்பும் தண்ணீரில் சரியாகக் கரையாது, எண்ணெயில் கரையும். காரமும் அப்படித்தான். இன்னொன்றையும் சொல்ல வேண்டும். இவ்வளவு நேரம் கொதிப்பதில் சாம்பாரின் மல்லி மணம் பெரும்பாலும் ஆவியோடு போய்விடும். அதனால் சுண்டக்கறியைப் பழைய சாம்பார் என்பது தவறு. அது வேறொரு பண்டம்.

இறைச்சிக் கறிக்கு இந்த வழி அவ்வளவாக ஒத்துவராது. இறைச்சியில் உள்ள இரும்பு, அதன் கொழுப்பை ஆக்சிஜனோடு வினைபுரியத் தூண்டும். மறுநாள் சுட வைத்தால் ஒரு சிக்கு வாடை வருவது அதனால்தான். காய்கறிக் குழம்பில் அந்தத் தொல்லை மிகக் குறைவு.

சரி, பாதுகாப்பு. மீந்ததைச் சுட வைத்தால் விஷம் என்று செல்பேசியில் சுற்றும் செய்திகளை நம்ப வேண்டாம். சுட வைப்பதில் ஆபத்து இல்லை, அதற்கு முன்னால் எவ்வளவு நேரம் வெதுவெதுப்பாகக் கிடந்தது என்பதில்தான் இருக்கிறது. கிளாஸ்ட்ரிடியம் பெர்ஃப்ரின்ஜன்ஸ் என்ற நுண்ணுயிரியின் வித்துகள் கொதியைத் தாங்கும். பெரிய அண்டாவில் குழம்பு மெதுவாக ஆறும்போது, 43 முதல் 47 டிகிரிக்குள் மிக வேகமாகப் பெருகும். சோற்றில் வளரும் பாசில்லஸ் சீரியஸ் என்ற இன்னொரு நுண்ணுயிரி உண்டாக்கும் வாந்தி நச்சு, மறுபடி கொதிக்க வைத்தாலும் அழியாது. ஆகவே சமைத்து இறக்கிய இரண்டு மணி நேரத்துக்குள் குழம்பைச் சின்னச் சின்னப் பாத்திரங்களில் பிரித்து ஆறவைத்துக் குளிர்பெட்டியில் வையுங்கள். மறுநாள் நன்றாகத் தளதளவென்று கொதித்த பிறகு சுண்டவிடுங்கள். கிரகணம் வந்தால் மீந்ததைக் கொட்டுகிற வீடுகளும், தர்ப்பைப் புல்லைப் போட்டுவிட்டு வெளியிலேயே வைத்திருக்கும் வீடுகளும் இன்னும் இருக்கின்றன. இரண்டுமே எனக்கு வருத்தம் தருகின்றன. முதலாவதில் நல்ல சாப்பாடு வீணாகிறது, இரண்டாவதில் கெட்டுப்போனதைச் சாப்பிட நேர்கிறது. நிழல் எங்கே விழுந்தாலும் கிருமிக்கு வெப்பநிலை மட்டுமே கணக்கு.

ஒரு ஆதங்கம். சென்னை ஸ்டான்லி மருத்துவக் கல்லூரியில் பழைய சோற்றை எடுத்து ஆராய்ந்தபோது எனக்கு அவ்வளவு மகிழ்ச்சி. அதன் பக்கத்தில் வைக்கும் சுண்டக்கறியையும் யாராவது எடுக்க வேண்டும். மைசூரில் 1950 முதல் உணவுத் தொழில்நுட்ப ஆய்வு நிறுவனம் இருக்கிறது, தஞ்சாவூரில் ஒன்று இருக்கிறது. மண்சட்டியிலும் இரும்புச் சட்டியிலும் சுண்ட வைத்ததில் எந்தெந்த மணப்பொருள் எவ்வளவு உண்டாகிறது என்று அளக்கப் பெரிய பணம் வேண்டாம், ஒரு முனைவர் பட்ட மாணவருக்கான உதவித்தொகை போதும். அந்தச் சத்தத்தைக் கேட்கத் தெரிந்த தலைமுறை இருக்கும்போதே அதைச் செய்தால் நல்லது.

வாசகருக்குக் கடைசியாக ஒன்று. கறியை வழித்து எடுத்த பிறகு சட்டியை உடனே தண்ணீரில் ஊறப்போட்டு விடாதீர்கள். ஓரங்களில் இன்னும் பழுப்புப் படலம் ஒட்டியிருக்கும். (கருப்பாகத் தீய்ந்த இடம் இருந்தால் அதை விட்டுவிடுங்கள். மாவுப்பொருள் அந்த அளவு கருகினால் அக்ரிலமைடு என்ற, உடலுக்கு ஆகாத பொருள் அதிகம் உண்டாகும்.) மெலனாய்டின்களில் பல தண்ணீரில் கரையக்கூடியவை. இரண்டு கை பழைய சோற்றை, நீரை முழுக்கப் பிழியாமல், சட்டியில் போட்டுப் பிரட்டுங்கள். சோற்றில் இருக்கும் நீர் அந்தப் படலத்தைக் கரைக்கும், சோறு அதை உறிஞ்சும், ஓரத்தில் நின்ற செம்மஞ்சள் எண்ணெயும் ஏறிக்கொள்ளும். எங்கள் வீட்டில் அந்தச் சட்டிச் சோற்றை ஆச்சி உருண்டை உருண்டையாக உருட்டிப் பிள்ளைகள் கையில் வைப்பாள். ஏழு பேர் வட்டமாக உட்கார்ந்திருப்போம், யாருக்கும் இரண்டாவது உருண்டை கிடைத்ததில்லை.