ஒளி பட்டால் ஒலிக்கும் நிலம்

ஒரு விண்மீன் நொடிக்கு 30 முறை சிமிட்டுகிறது. அதன் ஒளியில் ஒரு கோள். கோளின் சமவெளி முழுக்கக் கரிப்புகை படிந்ததுபோல் கரிய, பஞ்சு போன்ற தூசி. காற்று அசையவில்லை. ஆனாலும் விடியத் தொடங்கியதும் நிலம் தாழ்ந்த சுருதியில் ரீங்கரிக்கிறது. ஒளி ஏற ஏற வலுத்து, பொழுது சாய்ந்ததும் அடங்கிவிடுகிறது.

இப்படியொரு கோளை யாரும் கண்டதில்லை. ஆனால் அந்த ரீங்காரம் எப்படிப் பிறக்கும், எவ்வளவு சத்தமாகக் கேட்கும் என்பதைக் கணக்கிட்டுச் சொல்லிவிடலாம். அதற்கு வேண்டிய விளைவு 1880-லேயே தெரிந்துவிட்டது. ஒளிவழியே பேச்சை அனுப்பும் கருவியை உருவாக்கிக்கொண்டிருந்த அலெக்சாண்டர் கிரகாம் பெல்லும் சார்லஸ் சம்னர் டெய்ன்டரும், துளைகள் இட்ட சுழல் தட்டால் சூரிய ஒளியை விட்டுவிட்டு விழச் செய்தபோது, கடின ரப்பர் போன்ற மெல்லிய தகடுகள் தாமே ஒலித்தன. பிறகு பல பொருள்களைச் சோதித்ததில், விளக்குக் கரி மிக நன்றாக ஒலிப்பது தெரியவந்தது. இதை ஒளியொலி விளைவு என்கிறோம்.

நடப்பது இதுதான். ஒளி விழும்போது கரிய பரப்பு சூடாகிறது. அதை ஒட்டியுள்ள காற்றும் சூடாகி விரிகிறது. ஒளி மறைந்ததும் குளிர்ந்து சுருங்குகிறது. நொடிக்கு 30 முறை இது நடந்தால் 30 ஹெர்ட்ஸ் ஒலி கிளம்பும். பூமியில் உள்ளதுபோன்ற காற்றில், இந்த அதிர்வெண்ணுக்கு வெப்பம் ஏறி இறங்கும் அடுக்கின் தடிமன் ஏறத்தாழ அரை மில்லிமீட்டர்தான். அந்த மெல்லிய அடுக்கே ஒலிபெருக்கியின் சவ்வாக வேலை செய்கிறது.

சத்தத்தின் அளவுக்கு எளிய வாய்பாடு ஒன்று உண்டு. காற்றுக்குள் போகும் வெப்ப ஓட்டத்தின் ஏற்ற இறக்கத்தை 0.4-ஆல் பெருக்கி, ஒலியின் வேகத்தால் வகுத்தால் ஒலியழுத்தம் கிடைக்கும். பூமியில் உச்சிவெயில் சதுர மீட்டருக்குச் சுமார் 1,000 வாட். அதில் பத்தில் ஒரு பங்கு, அதாவது 100 வாட் அளவுக்கு ஏறி இறங்கும் ஒளி, முழுவதும் காற்றைச் சூடாக்குவதாக வைத்துக்கொள்வோம். 0.12 பாஸ்கல் (அழுத்தத்தின் அலகு) வரும். அது ஏறத்தாழ 72 டெசிபெல். காற்றின் வெப்பநிலை ஏறி இறங்குவதோ வெறும் ஒரு டிகிரிக்குச் சற்று மேல்.

அப்படியானால் பாறையும் மணலும் ஏன் ஒலிப்பதில்லை? முதல் காரணம், நம் சூரியன் இந்த வேகத்தில் சிமிட்டுவதில்லை. சிமிட்டினாலும் பாறை ஊமையாகத்தான் இருக்கும். பாறையும் காற்றும் சந்திக்கும் இடத்தில் வெப்பத்தைப் பாறை காற்றைவிட ஏறத்தாழ 400 மடங்கு அதிகமாக இழுத்துக்கொள்கிறது. காற்றுக்குப் போய்ச் சேரும் சொற்பப் பங்கால் 72 டெசிபெல் 20-ஆகச் சரிந்துவிடும். 30 ஹெர்ட்ஸில் மனிதக் காதுக்குக் குறைந்தது 60 டெசிபெலாவது வேண்டும். ஆகவே இந்தக் கோளின் உயிர்நாடி விண்மீனைவிட அதன் தூசிதான் என்பேன். அந்தப் பஞ்சுத் தூசியின் இழைகள் மிக மெல்லியவையாக இருக்க வேண்டும். தலைமுடியின் தடிமன் (சுமார் 0.07 மி.மீ.) இருந்தால்கூட, ஒரு சிமிட்டலுக்குள் இழை சூடாகி ஆறி முடிக்காது. அதில் ஏழில் ஒரு பங்கு, அதாவது 0.01 மி.மீ. அளவுக்கு இறங்கினால், ஆறும் நேரம் தடிமனின் இருமடிப்படி 49 மடங்கு குறைந்து சில மில்லி நொடிகளாகிவிடும். சிமிட்டலின் காலமோ 33 மில்லி நொடி, தாராளமாகப் போதும்.

சிமிட்டும் விண்மீன் இயற்கையில் உண்டு. வெடித்துச் சிதறிய விண்மீனின் எச்சமான நண்டு நெபுலாவின் நடுவில் ஒரு பல்சர், அதாவது சுழன்றபடி துடிதுடிப்பாகக் கதிர் வீசும் அடர்ந்த விண்மீன், இருக்கிறது; அது நொடிக்கு ஏறத்தாழ 30 முறை சுழல்கிறது. அதன் துடிப்பு கண்ணுக்குத் தெரியும் ஒளியிலும் இருப்பது 1969-ல் கண்டறியப்பட்டது. பல்சரைச் சுற்றிக் கோள்கள் இருப்பதும் 1992-லிருந்து தெரியும். சூரியக் குடும்பத்துக்கு வெளியே முதலில் உறுதியான கோள்களே அவைதாம். நம் கற்பனைக்கு உண்மையான இடர் வேறு: இளம் பல்சர் வீசும் எக்ஸ் கதிர்களும் துகள்களும் கோளின் வளிமண்டலத்தை அரித்துத் தின்றுவிடும். காற்று இல்லையேல் ஒலியும் இல்லை.

நண்டுப் பல்சர் ஒரு சுழற்சிக்கு இரண்டு துடிப்புகள் தருகிறது. இரண்டும் சம உயரமல்ல, சம இடைவெளியிலும் வருவதில்லை. அதனால் 30 ஹெர்ட்ஸோடு 60, 90, 120 எனச் சுரங்கள் கலந்து வரும். கேட்பவருக்கு இது பெரும் உதவி. 60 ஹெர்ட்ஸ் காதில் விழத் தேவையான குறைந்தபட்ச ஒலி 40 டெசிபெலுக்கும் கீழே. ஆகவே அடிச்சுரத்தைவிட மேற்சுரங்களே தெளிவாகக் கேட்கும்.

திசை தெரியாத ஒலி இது. ஒளி ஏறக்குறைய ஒரே நேரத்தில் கிலோமீட்டர் கணக்கில் நிலத்தைத் தொடுவதால், சமவெளி முழுவதும் ஒன்றுபோல் அதிர்ந்து ஒலியை நேர்மேலே அனுப்பும். எதிரெதிர் பாறைச்சுவர்கள் கொண்ட குறுகிய பள்ளத்தாக்கில் மட்டும், எதிரொலிகள் ஒன்றோடொன்று கலந்து இடம் மாறாத நிலையலைகள் உருவாகி, அடிச்சுரத்துக்குச் சுமார் 5.7 மீட்டருக்கு ஒருமுறை ஒலி அடங்கும் இடம் வரும். மேகம் வந்தால் ஒலி குறையுமே தவிர நிற்காது. மேகத்துக்குள் ஒளி சுற்றி வருவதால் ஏற்படும் தாமதம் மைக்ரோ நொடிகள்தாம், சிமிட்டல் கலைந்துபோகாது. மழை வேறு கதை. தூசியின் துளைகளை நீர் நிரப்பியதும் வெப்பத்தை நீர் குடித்துவிடும். நிலம் உலரும்வரை அமைதிதான்.

இந்த விளைவைக் கையால் செய்து பார்க்க ஒரு சிறு கண்ணாடிக் குப்பி போதும். உட்புறம் ஒரு பாதியில் மெழுகுவத்திப் புகையைப் படியவிட்டு, மறுபாதியைத் தெளிவாக விடுங்கள். மூடியில் துளையிட்டு ஒரு குழாயைச் செருகி, அதன் மறுமுனையைக் காதில் வையுங்கள். 20 துளைகள் கொண்ட தட்டை நொடிக்கு 10 சுற்று சுழற்றி, அதன் வழியே வலுவான விளக்கொளியைத் தெளிந்த பாதி வழியாகக் கரிமேல் விழச் செய்தால் 200 ஹெர்ட்ஸ் ஒலி கேட்கும். ஒன்றுமே கேட்காவிட்டால், மூடி காற்றுக் கசியாமல் இறுகியிருக்கிறதா என்று முதலில் பாருங்கள். அடுத்து, கரி உதிர்ந்திருக்கிறதா என்று பாருங்கள். ஏதோ கேட்டாலும் உடனே நம்பிவிட வேண்டாம்: தட்டைச் சுழலவிட்டபடியே ஒளியைக் கையால் மறையுங்கள். அப்போதும் ஒலி நிற்கவில்லை என்றால், நீங்கள் கேட்டது மோட்டாரின் இரைச்சல்.