பல்கலைக்கழகத்துக்கு எதற்கு அதிபர்?

2025 ஏப்ரலில் அமெரிக்க அரசுக்கும் ஹார்வர்டு பல்கலைக்கழகத்துக்கும் முட்டிக்கொண்டது. அரசு நிபந்தனைகள் போட்டது, ஹார்வர்டு முடியாது என்றது, 220 கோடி டாலருக்கு மேல் ஆய்வு நிதி முடக்கப்பட்டது. பெரிய செய்திதான். ஆனால் அதைத் தமிழில் படித்தவர்கள் பாவம். "அதிபர் விதித்த நிபந்தனைகளை அதிபர் ஏற்க மறுப்பு" என்கிற ரீதியில் வாக்கியங்கள் ஓடின. நிபந்தனை விதித்தவர் டிரம்ப். மறுத்தவர் ஹார்வர்டின் ஆலன் கார்பர். இருவரும் ஆங்கிலத்தில் பிரசிடென்ட். அதனால் இருவரும் தமிழில் அதிபராம். இன்னும் சிலர் ஒரு படி மேலே போய் 'ஹார்வர்டு ஜனாதிபதி' என்றே எழுதிவிட்டார்கள். பல்கலைக்கழகம் எப்போது குடியரசானது என்று தெரியவில்லை.

சொல்லின் பிறப்பைச் சீக்கிரம் பார்த்துவிடலாம். லத்தீனில் 'ப்ரே' என்றால் முன்னால், 'செதேரே' என்றால் உட்கார்தல். முன்னால் உட்கார்ந்து கூட்டத்தை நடத்துபவர், அவ்வளவுதான். நாட்டை ஆள்பவர் என்ற பொருள் மூலத்தில் எங்குமே இல்லை. அது பிற்பாடு, 1789இல் ஜார்ஜ் வாஷிங்டன் பதவியேற்றபோது ஒட்டிக்கொண்டது. அதற்கு 149 ஆண்டுகளுக்கு முன்பே, 1640இல், ஹென்றி டன்ஸ்டர் ஹார்வர்டின் பிரசிடென்ட் ஆகிவிட்டார். இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜில் குவீன்ஸ் கல்லூரியின் தலைமைப் பொறுப்பாளருக்கும் அதே பெயர்தான். ஆக, கல்லூரியிலிருந்துதான் நாட்டுக்குப் போயிருக்க முடியுமே தவிர, நாட்டிலிருந்து கல்லூரிக்கு வரவில்லை.

முன்னால் உட்கார்வது என்பது ஹார்வர்டில் இன்றும் சொல்லளவில் நின்றுவிடவில்லை. ஒரு நாற்காலியே இருக்கிறது. ஹோலியோக் நாற்காலி என்பார்கள். எட்வர்டு ஹோலியோக் 1737 முதல் 1769 வரை பொறுப்பில் இருந்த காலத்தில் கல்லூரிக்கு வந்து சேர்ந்தது. மூன்றே கால், முக்கோணப் பலகை, சட்டம் முழுக்கக் கடைசல் வேலை, திரும்பிய இடமெல்லாம் குமிழ்கள். உட்கார்வதற்கு வசதியானது என்று யாரும் சொன்னதில்லை. ஆண்டுதோறும் பட்டமளிப்பு நாளில் அதில் உட்கார்ந்துதான் பட்டம் வழங்குகிறார்கள். இந்த நாற்காலியை நினைவில் வைத்துக்கொண்டால் சொல்லின் பாதிக் குழப்பம் தீர்ந்துவிடும்.

சரி, அதிபர் ஏன் ஆகாது? முதல் காரணம், அந்தச் சொல் ஊருக்கு ஊர் வேறு வேலை செய்கிறது. தமிழ்நாட்டில் அதிபர் என்றால் ஒன்று வெளிநாட்டு அரசுத் தலைவர், இல்லையென்றால் பணக்கார முதலாளி: தொழிலதிபர், ஆலை அதிபர். 'பல்கலைக்கழக அதிபர்' என்று படித்தால் சொந்தமாகப் பல்கலைக்கழகம் வைத்திருப்பவர் போலிருக்கிறது என்று நினைக்கத்தான் தோன்றும். நம் ஊரில் அப்படிப்பட்டவர்கள் இருப்பதால் குழப்பம் இன்னும் கூடுகிறது. இலங்கையிலோ அதிபர் என்றால் பள்ளிக்கூடத்துத் தலைமையாசிரியர். யாழ்ப்பாணத்து வாசகர் 'ஹார்வர்டு அதிபர்' என்பதைப் படித்துவிட்டு ஏதோ பள்ளிக்கூடம் என்று போய்விடுவார். நாட்டின் தலைவரை அவர்கள் ஜனாதிபதி என்கிறார்கள். ஒரே சொல் அரசுத் தலைவரையும் முதலாளியையும் தலைமையாசிரியரையும் குறிக்கும்போது, நாலாவதாக ஒருவரை அதன் தலையில் ஏற்றுவது நியாயமே இல்லை.

இரண்டாவது காரணம், அமெரிக்காவில் இரண்டு பதவியையும் ஒருவரே பார்த்திருக்கிறார்கள். உட்ரோ வில்சன் 1902 முதல் 1910 வரை பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தை நடத்தினார். 1913இல் நாட்டை நடத்தப் போனார். ஐசனோவர் 1948இல் கொலம்பியா பல்கலைக்கழகத்துக்கு வந்தார். 1953இல் வெள்ளை மாளிகைக்குப் போனார். இவர்கள் வாழ்க்கைக் குறிப்பை அதிபர் என்ற ஒரே சொல்லை வைத்துக்கொண்டு எழுதிப் பாருங்கள்.

அதிபர் கட்சியைச் சமாளித்துவிடலாம். அடுத்த கட்சிதான் வம்பு, ஏனென்றால் அதில் இருப்பவர்கள் விவரம் தெரிந்தவர்கள். "நம் ஊரில் பல்கலைக்கழகத்தை நடத்துபவர் துணைவேந்தர். அமெரிக்காவில் நடத்துபவர் பிரசிடென்ட். ஆகவே அவர் துணைவேந்தர்" என்பது இவர்கள் கணக்கு. கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. கொஞ்சம் தோண்டினால் கலகலத்துப் போகிறது.

துணைவேந்தர் என்றாலே மேலே ஒரு வேந்தர் இருக்கிறார் என்று பொருள். தமிழ்நாட்டின் பெரும்பாலான அரசுப் பல்கலைக்கழகங்களில் ஆளுநர் வேந்தர், உயர்கல்வி அமைச்சர் இணைவேந்தர். பட்டமளிப்பு விழாவில் நடுநாயகமாக இருப்பது வேந்தர். ஆண்டு முழுக்க ஓடி ஓடி உழைத்த துணைவேந்தர் பக்கத்தில் இருப்பார். ஹார்வர்டில் மேலே வேந்தர் என்று யாரும் இல்லை. அந்த மூன்று கால் நாற்காலியில் உட்கார்ந்து பட்டம் கொடுப்பவரும், மறுநாள் காலை கோப்பு பார்ப்பவரும் ஒரே ஆள். இல்லாத வேந்தருக்கு ஒரு துணையை நியமிப்பது என்ன மொழிபெயர்ப்பு?

"அப்படியானால் வேந்தர் என்றே சொல்லிவிடலாமே" என்பார்கள். அங்கேதான் கலிபோர்னியா வந்து காலை வாருகிறது. கலிபோர்னியா பல்கலைக்கழகத்தில் ஒவ்வொரு வளாகத்துக்கும் ஒரு சான்சலர்; எல்லா வளாகத்துக்கும் மேலே ஒரு பிரசிடென்ட். கிளார்க் கெர் 1952இல் பெர்க்லி வளாகத்தின் முதல் சான்சலர் ஆனார். 1958இல் பதவி உயர்ந்து மொத்தப் பல்கலைக்கழகத்துக்கும் பிரசிடென்ட் ஆனார். துணைவேந்தர் கட்சியின் அகராதிப்படி எழுதினால், வேந்தராக இருந்தவர் பதவி உயர்வு பெற்றுத் துணைவேந்தர் ஆனார்! கிழக்கே நியூயார்க் மாநிலப் பல்கலைக்கழகத்துக்குப் போனால் எல்லாம் தலைகீழ். அங்கே மேலே இருப்பவர் சான்சலர், வளாகத்துக்கு வளாகம் பிரசிடென்ட். இன்னொன்று, அமெரிக்கப் பல்கலைக்கழகங்களில் நிதிக்கு ஒருவர், சட்டத்துக்கு ஒருவர் என்று வைஸ் பிரசிடென்ட்கள் வரிசையாக இருப்பார்கள். பிரசிடென்ட் துணைவேந்தர் என்றால் இவர்களெல்லாம் துணைத் துணைவேந்தர்களா?

வேந்தர் என்ற சொல்லாக்கத்தைப் பற்றியே எனக்கு ஒரு மனத்தாங்கல் உண்டு. சான்சலர் என்பதன் மூலம் 'கான்செல்லி', அதாவது கிராதி அல்லது மரச்சட்டத் தடுப்பு. ரோமானிய நீதிமன்றத்தில் அந்தத் தடுப்பருகே நின்ற பணியாள்தான் ஆதி சான்சலர். நாம் அவரைத் தூக்கி வேந்தராக்கிவிட்டோம். பழந்தமிழில் வேந்தர் என்றால் சேர, சோழ, பாண்டியர் மூவர்தான். பாரிகூட வேந்தரில்லை, வேள்தான். தடுப்பருகே நின்றவருக்கு, பாரிக்கே கிடைக்காத பட்டம். இருந்தாலும் அந்தச் சொல் நிலைத்துவிட்டது, நம் ஊர்ப் பதவிக்கு அது இருந்துவிட்டுப் போகட்டும். அதைக் கப்பலேற்றி அமெரிக்காவுக்கு அனுப்ப வேண்டாம் என்பதுதான் என் வேண்டுகோள்.

நமக்கும் பிரசிடென்ட் என்ற சொல்லுக்கும் பழைய உறவு இருக்கிறது, அதையும் மறந்துவிட்டோம். கிழக்கிந்தியக் கம்பெனி காலத்தில் சென்னைப் புனித ஜார்ஜ் கோட்டையில் ஆலோசனை சபையின் தலைமையில் இருந்தவர் பெயர் பிரசிடென்ட். அவர் ஆட்சிக்கு உட்பட்ட நிலம் பிரசிடென்சி. அதைத்தான் மாகாணம் என்றோம். 1687 முதல் 1692 வரை அந்த இடத்தில் இருந்தவர் எலிஹு யேல். சொந்த வியாபாரத்தில் காசு பார்த்தார் என்ற குற்றச்சாட்டோடு பதவி போனது. பிறகு 1718இல் அவர் அனுப்பிய ஒன்பது பொதிச் சரக்கும் 417 புத்தகங்களும்தான் அமெரிக்காவில் ஒரு கல்லூரிக்கு அவர் பெயரை வாங்கிக் கொடுத்தன. அவரை யாரும் சென்னை ஜனாதிபதி என்று எழுதுவதில்லை. மெரினா எதிரே இருக்கும் பிரசிடென்சி கல்லூரியை ஜனாதிபதிக் கல்லூரி என்று யாரும் சொல்வதில்லை; மாநிலக் கல்லூரி என்று பொருள் பார்த்துத்தான் பெயர் வைத்தார்கள். அப்போது இருந்த நிதானம் இப்போது எங்கே போனது?

என் தீர்ப்பு எளிமையானது: தலைவர். ஹார்வர்டு பல்கலைக்கழகத் தலைவர். 1650இல் ஹார்வர்டுக்குக் கிடைத்த சாசனத்தைப் பாருங்கள்: ஒரு தலைவர், ஐந்து உறுப்பினர்கள், ஒரு பொருளாளர். நம் ஊர்த் தமிழ்ச் சங்கங்களின் நிர்வாகக் குழு மாதிரியே இருக்கிறது. இன்று அந்தக் குழுவில் 13 பேர். தலைவரைத் தேர்ந்தெடுப்பது அந்தக் குழு. மேற்பார்வையாளர் குழு என்று இன்னொன்று ஒப்புதல் தர வேண்டும். பேராசிரியர்களை எடுப்பதில் கடைசிச் சொல், நன்கொடை திரட்டுவது, அரசோடு மல்லுக்கட்டுவது எல்லாம் தலைவர் தலையில்தான் விடியும். சார்லஸ் எலியட் 1869 முதல் 1909 வரை, நாற்பது ஆண்டுகள் இந்த வேலையைப் பார்த்தார். 2007இல் டுரூ ஃபவுஸ்ட் வந்தபோதுதான் முதல்முறையாக ஒரு பெண் அந்தக் குமிழ் நாற்காலியில் உட்கார்ந்தார்.

தலைவர் ரொம்பச் சாதாரணமான சொல், கட்சித் தலைவர், துறைத் தலைவர், ரசிகர் மன்றத் தலைவர் என்று எல்லாரும் தலைவர் என்று சிலர் முகம் சுளிக்கிறார்கள். இருக்கட்டுமே. ஆங்கிலத்தில் பிரசிடென்ட்டும் அப்படிப்பட்ட சொல்தான்; சங்கத்துக்கும் வங்கிக்கும் நாட்டுக்கும் அதே சொல். நம் கிராமங்களில் 'பிரசிடெண்டு' என்றால் ஊராட்சி மன்றத் தலைவர்தான், டெல்லியில் இருப்பவர் இல்லை. முன்னால் எந்த நிறுவனம் நிற்கிறதோ அதுவே தலைவரை அடையாளம் காட்டிவிடும். சொல்லுக்குக் கிரீடம் வைத்தால்தான் மரியாதை என்று நினைப்பது நம் வியாதி.

இனி வீட்டுக்கு வருவோம். தலைவரைப் பற்றி எழுதும்போதெல்லாம் 'அதிகாரப்பூர்வ இல்லம்' என்று ஒன்று வரும். அதிகாரப்பூர்வ இல்லம் என்று சொன்னால் அதிகாரப்பூர்வமில்லாத இல்லம் ஒன்று எங்கே என்று தமிழன் மனம் தேடும். நம் சினிமா அப்படிப் பழக்கிவைத்திருக்கிறது. கலெக்டர் பங்களா, துணைவேந்தர் பங்களா என்று மக்கள் வாயில் வருகிறதே, அந்த வழியிலேயே 'தலைவர் இல்லம்' என்றால் முடிந்தது. பதவியோடு வரும் வீடு என்பது அதிலேயே அடக்கம்.

ஹார்வர்டின் தலைவர் இல்லம் எல்ம்வுட். 1767இல் தாமஸ் ஆலிவர் கட்டியது. ஆன்டிகுவாவின் கரும்புத் தோட்டங்களில் அடிமைகள் உழைப்பில் சேர்ந்த குடும்பப் பணம் அவருடையது. மாசசூசெட்ஸின் துணை ஆளுநராகவும் இருந்தார். 1774 செப்டம்பரில் சுமார் 4,000 பேர் வீட்டைச் சூழ்ந்துகொண்டு, மன்னர் கொடுத்த ஆலோசனை சபைப் பதவியிலிருந்து விலகுவதாக அவரிடம் எழுதி வாங்கிவிட்டுத்தான் கலைந்தார்கள். பிற்பாடு எல்பிரிட்ஜ் ஜெரி அங்கே குடியிருந்தார். நாட்டின் துணைக் குடியரசுத் தலைவராக இருந்தவர். கவிஞர் ஜேம்ஸ் ரஸல் லோவெல் 1819இல் அந்த வீட்டில் பிறந்து 1891இல் அங்கேயே இறந்தார். 1971இல் பொறுப்பேற்ற டெரக் பாக் காலத்திலிருந்து பல்கலைக்கழகத் தலைவர்களுக்கு. இப்போது அதிபர் கட்சிக்காரர் ஒருவர் இதை எழுதட்டும்: "துணை அதிபர் வாழ்ந்த வீட்டில் பின்னர் அதிபர் குடியேறினார்." வாசகர் வெள்ளை மாளிகையில் போய் நிற்பார்.

இந்த வீடு பிராட்டில் தெருவை ஒட்டியது. சுதந்திரப் போருக்கு முன் மன்னர் பக்கம் நின்ற பணக்காரர்கள் வரிசையாக மாளிகை கட்டியதால் அந்தத் தெருவுக்கு 'டோரி ரோ' என்று பெயர். போர் வந்ததும் அவர்கள் ஓடினார்கள். வஸ்ஸல் (Vassall) என்ற குடும்பத்தின் மாளிகையில் 1775 ஜூலை முதல் அடுத்த ஏப்ரல் வரை வாஷிங்டன் தங்கிப் படை நடத்தினார். ஆங்கிலத்தில் 'ஹிஸ்டாரிக் நெய்பர்ஹுட்' எனப்படும் இப்படிப்பட்ட இடத்தைத்தான் நம் மொழிபெயர்ப்பாளர்கள் 'வரலாற்று அண்டைப்பகுதி' என்கிறார்கள். யாருக்கு அண்டை? அண்டை வீடு, அண்டை நாடு என்றால் நமக்குப் பக்கத்தில் இருப்பது. தலைவர் அந்தப் பகுதியிலேயே குடியிருக்கிறார், பக்கத்தில் இல்லை. 'வரலாற்றுச் சுற்றுப்புறம்' இன்னும் மோசம். சுகாதாரத் துறை விளம்பரம் மாதிரி இருக்கிறது.

ஒரு நகரத்தின் உட்பிரிவுக்குத் தமிழில் சொல் பஞ்சமா என்ன? சிலப்பதிகாரத்தின் புகார் நகரம் மருவூர்ப்பாக்கம், பட்டினப்பாக்கம் என்று இரண்டாகப் பிரிந்து கிடந்தது. சேரி என்றாலும் ஒரு காலத்தில் சேர்ந்து வாழும் பகுதி என்பதுதான் பொருள். ராஜராஜன் தஞ்சைப் பெரிய கோயிலுக்கு 400 தளிச்சேரிப் பெண்டுகளை, அதாவது கோயிலை ஒட்டிய சேரியில் வாழும் ஆடல் மகளிரை, கொண்டுவந்து குடியமர்த்திய கல்வெட்டில் அந்தப் பொருள் அப்படியே இருக்கிறது. சாதி புகுந்து அந்தச் சொல்லின் வாழ்வைக் கெடுத்தது வேறு கதை. இன்று சேரியை மீட்க முடியாது, பாக்கம் ஊர்ப்பெயர்களின் வாலாகிவிட்டது. பேட்டை உயிரோடு இருக்கிறது. சிங்கப்பூரில் குடியிருப்புப் பேட்டை என்று இயல்பாக எழுதுகிறார்கள். ஆனால் தமிழ்நாட்டில் பேட்டை என்றால் தொழிற்பேட்டை நினைவுக்கு வரும், அல்லது அடிதடி. மாளிகைத் தெருவுக்குப் பொருந்தாது. 'பழமையான குடியிருப்புப் பகுதி' என்று எழுதலாம். செய்தி ஒரே தெருவைப் பற்றியது என்றால் 'பழம்பெருமை வாய்ந்த தெரு' என்பதே போதும். 'டோரி ரோ'வை மட்டும் தயவுசெய்து 'டோரி வரிசை' ஆக்கிவிடாதீர்கள், ரேஷன் கடை வாசலில் நிற்கிற மாதிரி இருக்கிறது. பெயர் பெயராகவே இருக்கட்டும். டோரி என்றால் மன்னர் விசுவாசி என்று ஒரு வரி சேர்த்துவிட்டு அடுத்த வாக்கியத்துக்குப் போகலாம்.