கொரில்லாவுக்கும் கேமராவுக்கும் நடுவே பத்து மீட்டர்

உகாண்டாவின் ப்விண்டி காட்டில் இரண்டரை மணி நேரம் சேற்றில் ஏறி இறங்கிய பிறகுதான் அந்த மலைக் கொரில்லாக் குடும்பம் கண்ணில் பட்டது. ஐந்து நிமிடம்கூட ஆகியிருக்காது. சின்னக் குட்டி ஒன்று கூட்டத்தை விட்டு நேராக என்னை நோக்கி வந்தது. வ்யூஃபைண்டரில் அதன் முகம் பெரிதாகிக்கொண்டே வருகிறது. வனக்காவலர் என் தோளைத் தொட்டுப் பின்னால் வரச் சொன்னார். படத்தை விட்டுவிட்டுப் பின்வாங்கினேன்.

அது என் கால்வரை வந்திருந்தால் எனக்கு ஆயுசுக்கும் ஒரு படம் கிடைத்திருக்கும். அதற்கு என் மூச்சுக்காற்று கிடைத்திருக்கும்.

மரபணுவில் கொரில்லா நமக்குச் சுமார் 98 சதவீதம் நெருக்கம். நாம் மூன்று நாள் மூக்கைச் சிந்திவிட்டு மறந்துபோகிற சளி, அதன் நுரையீரலில் இறங்கினால் உயிரையே வாங்கிவிடும். 2009இல் ருவாண்டாவில் ஹிர்வா என்ற குடும்பத்தில் அப்படித்தான் சளிக்காய்ச்சல் பரவியது. வளர்ந்த பெண் கொரில்லா ஒன்றும் குட்டி ஒன்றும் இறந்தன. பரிசோதித்தபோது கிடைத்தது மனிதர்களிடையே உலவும், சளியை உண்டாக்கும் மெட்டாநிமோவைரஸ். அதனால்தான் ஒரு குடும்பத்தைப் பார்க்க ஒரு நாளைக்கு எட்டுப் பேர், ஒரு மணி நேரம் என்று அளந்து அனுமதிக்கிறார்கள். முன்பு 7 மீட்டர் விலகி நின்றால் போதும். கோவிட்டுக்குப் பிறகு 10 மீட்டர், முகக்கவசமும் கட்டாயம்.

ஆனால் நடப்பது வேறு. ஆக்ஸ்ஃபோர்டு புரூக்ஸ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள், சுற்றுலாப் பயணிகள் 2013 முதல் 2019 வரை இன்ஸ்டாகிராமில் போட்ட 858 மலைக் கொரில்லாப் படங்களை எடுத்துப் பார்த்தார்கள். 86 சதவீதப் படங்களில் மனிதர்கள் 4 மீட்டருக்குள் நின்றார்கள்.

கொரில்லா பார்க்கக் கிளம்புகிறவர்கள் எனக்கு அடிக்கடி அனுப்பும் படம் ஒன்று உண்டு. வனக்காவலரின் பின்னால் இரண்டு கொரில்லாக்கள் மனிதரைப் போல நிமிர்ந்து நிற்கும் 2019ஆம் ஆண்டு செல்ஃபி. “இதே மாதிரி எடுக்க முடியுமா?” என்று கேட்கிறார்கள். அதில் இருக்கும் ந்டகாசி (Ndakasi) என்ற கொரில்லா, காங்கோவின் விருங்கா தேசியப் பூங்காவில் 2007இல் சுட்டுக்கொல்லப்பட்ட தாயின் உடலைப் பற்றிக்கொண்டு கிடந்த இரண்டு மாதக் குட்டி. அநாதையாகி மனிதர் மடியில் வளர்ந்ததால்தான் அப்படி நின்றது. காட்டில் வாழும் கொரில்லாவிடம் அந்தப் படத்தை எதிர்பார்ப்பதே தப்பு.

அதே 2007 ஜூலையில் அங்கே சென்க்வெக்வே என்ற வெள்ளிமுதுகு (முதுகு ரோமம் வெளுத்த, முதிர்ந்த) ஆண் கொரில்லா கொல்லப்பட்டது. அதன் பிரம்மாண்டமான உடலை ஊர்மக்கள் கம்புகளில் கட்டித் தோளில் சுமந்து வந்ததை புகைப்படக்காரர் பிரென்ட் ஸ்டிர்டன் படமெடுத்தார். இறுதி ஊர்வலம் போலவே இருக்கும். அந்தப் படம் விருங்காவில் நடந்த கொலைகளை உலகத்தின் பார்வைக்குக் கொண்டுவந்தது. எங்கள் தொழிலால் இவ்வளவும் முடியும் என்பதால்தான், அதே கேமரா நோயைக் கொண்டுபோகக் கூடாது என்று திரும்பத் திரும்பச் சொல்கிறேன்.

தூரத்திலிருந்தே நல்ல படம் வரும். 70-200 மி.மீ. ஜூம் லென்ஸ் போதும். இலை மூடிய காட்டில் கறுப்பு ரோமத்தைப் பார்த்ததும் கேமரா வெளிச்சத்தைக் கூட்டிவிடும், ரோமம் சாம்பல் நிறமாக வெளுத்துப்போகும். எக்ஸ்போஷரை ஒரு ஸ்டாப், அதாவது வெளிச்சத்தைப் பாதியாக, குறையுங்கள். இருட்டாக இருந்தால் ஐஎஸ்ஓவை (கேமராவின் ஒளி உணர்திறனை) ஏற்றுங்கள், ஃபிளாஷைத் தொடவே தொடாதீர்கள். சளி இருந்தால், எவ்வளவு பணம் கட்டியிருந்தாலும், மலையடிவாரத்திலேயே சொல்லிவிடுங்கள்.

முடிந்தால் மூக்கைப் படமெடுங்கள். நாசித் துளைகளுக்கு மேலே ஓடும் சுருக்கக் கோடுகள் நம் கைரேகை மாதிரி, ஒன்றுக்கு இருப்பது இன்னொன்றுக்கு இருக்காது. அதை வைத்துத்தான் எது எந்தக் குடும்பம், யார் காணவில்லை என்று கணக்கு வைக்கிறார்கள். 1981இல் விருங்கா மலைகளில் 254 ஆகச் சுருங்கியிருந்த கொரில்லாக்கள், 2015-16 கணக்கெடுப்பில் 604. கண்ணிகளை அறுத்தெறிந்து நடக்கும் வனக்காவலர்களும் காட்டுக்குள்ளேயே போய் மருந்து செலுத்தும் கால்நடை மருத்துவர்களும் ஒவ்வொன்றையும் முகம் தெரிந்து காப்பாற்றியதால் வந்த எண்ணிக்கை இது.

அன்று மூக்கு தெளிவாக விழுந்த பதினொரு படங்களை வனக்காவலரிடம் கொடுத்துவிட்டு வந்தேன். அந்தக் குட்டியின் மூக்கும் அதில் இருக்கிறது, பின்வாங்கி நின்று எடுத்தது.