கை கழுவத்தான் இறங்கினேன்

அவசர சிகிச்சைப் பிரிவில் வேலை பார்ப்பவர்களுக்குச் சில வாக்கியங்கள் மனப்பாடம். "கை கழுவத்தான் இறங்கினேன், டொக்டர்" என்பது அவற்றில் ஒன்று; ஆற்றங்கரைக்குப் போய்க் காயப்பட்டு வருகிறவர்கள் சொல்வது. பாடசாலை விடுமுறையோ நீண்ட வார இறுதியோ வந்துவிட்டால் அந்த வாக்கியத்தை எதிர்பார்த்தே கடமைக்குப் போகிறேன்.

திருகோணமலையில் கடலுக்குப் போகிறவர்கள் கொஞ்சமாவது பயத்தோடு போகிறார்கள். அலை சத்தம் போடும்; கரையில் நிற்பவர்களும் எச்சரிப்பார்கள். ஆற்றுக்குப் போகிறவர்களிடம் அந்தப் பயத்தைக் காண்பதில்லை. மத்திய மலைநாட்டில் பிறந்து 335 கிலோமீற்றர் ஓடிவரும் மகாவலி, கொட்டியாரக் குடாவை நெருங்கும்போது நடை தளர்ந்த கிழவி போல அசைகிறது. அதில் என்ன ஆபத்து இருக்கப்போகிறது என்று தோன்றுவது இயல்புதான்.

முன்பெல்லாம் அந்தப் பக்கம் போவதே பெரிய பாடு. கிண்ணியாவில் பாதைக்கு, அதாவது வண்டிகளையும் ஏற்றிச் செல்லும் மிதவைக்கு, காத்திருந்து கடக்க வேண்டும். மூதூருக்கு இடையில் இன்னும் பாதைகள் இருந்தன. 2009இல் கிண்ணியாப் பாலம் திறந்தது. பிறகு மற்றப் பாலங்களும் வந்தன. இன்று காலையில் சோற்றுப் பார்சல் கட்டிக்கொண்டு புறப்பட்டால் மதியத்துக்கு முன் ஒரு மருத மர நிழலில் பாய் விரித்துவிடலாம். நானும் பிள்ளைகளோடு போகிறவன்தான். மழைக்காலம் முடிந்து நீர் வடியும் நாட்களில் கூழைக்கடாவும் மஞ்சள் மூக்கு நாரையும் கூட்டமாக இறங்குவதைப் பார்த்த எவரையும் போகாதே என்று சொல்ல எனக்கு மனம் வராது. ஆனால் அது விளையாட்டுப் பூங்கா அல்ல. 1986இல் தேசிய பூங்காவாக அறிவிக்கப்பட்ட சோமாவதியும், சேருவில அல்லை சரணாலயமும், அவற்றைச் சுற்றியுள்ள வில்லுகள் எனப்படும் ஆற்றோரச் சதுப்புத் தாழ்நிலங்களும் யானைக்கும் முதலைக்கும் வீடு. தேசிய பூங்காவுக்குள் அனுமதிச்சீட்டு இல்லாமல் நுழைய முடியாது. சரணாலயத்தில் மக்கள் குடியிருக்கிறார்கள், வயல் செய்கிறார்கள். விலங்கும் அதே ஒற்றையடிப் பாதையில்தான் நடக்கிறது.

என்னிடம் வந்த காயங்களை நினைத்துப் பார்த்தால், அவற்றில் பெரும்பாலானவை தண்ணீருக்கு முந்திய கடைசிப் பத்து அடிக்குள் நடந்தவை. ஒரு சிறுவனைச் சொல்கிறேன். அடையாளம் தெரியாதிருக்கச் சில விபரங்களை மாற்றியிருக்கிறேன். சாப்பிட்டு முடித்து, எண்ணெய்க் கையோடு சரிவில் இறங்கியிருக்கிறான். மருதஞ் சருகு கணுக்கால் உயரத்துக்குக் கிடந்திருக்கிறது. "சைக்கிள் ரியூப்பில் காற்றுப் போவது போல் சத்தம் கேட்டது" என்றான். முத்திரைப் புடையன் அப்படித்தான் சீறும். கண்ணாடி விரியன் என்றும் சொல்வார்கள்.

தகப்பன் தன் சாரத்தைக் கிழித்து முழங்காலுக்குக் கீழே இறுக்கிக் கட்டியிருந்தார். பாதம் நீலம் பாரித்திருந்தது. முச்சக்கரவண்டியில் ஒரு மணி நேரம் அந்தக் கட்டு அப்படியே இருந்திருக்கிறது. அன்பினால் செய்த காரியம், அவரைக் கடிந்துகொள்ள என்னால் முடியவில்லை. ஆனால் புடையன் கடித்த இடம் ஏற்கனவே வீங்கும், சதை கெடும். இரத்த ஓட்டத்தையும் நிறுத்தினால் காலைக் காப்பாற்றுவது கடினமாகிவிடும். கட்டக்கூடாது, கீறக்கூடாது, வாயால் உறிஞ்சக்கூடாது, விஷக்கல் வைத்துக் காத்திருக்கக்கூடாது. ஒரு தடியை அணைவைத்துக் கால் அசையாமல் துணியால் தளர்வாகச் சுற்றி, நடக்கவிடாமல் தூக்கிக்கொண்டு வாருங்கள். மோதிரம், கொலுசு, கைக்கயிறு எதுவானாலும் வீக்கம் ஏறுமுன் கழற்றுங்கள். பாம்பை அடித்துக் கொண்டுவர வேண்டாம்.

வந்தவுடன் நாங்கள் ஏன் மருந்து ஏற்றாமல் நிற்கிறோம் என்று உறவினர் கொதிப்பது உண்டு. அந்தத் தகப்பனும் கேட்டார். சுத்தமான கண்ணாடிக் குழாயில் இரண்டு மில்லிலீற்றர் இரத்தம் எடுத்து, ஆட்டாமல் அசைக்காமல் மேசையில் வைத்து 20 நிமிடம் காத்திருப்போம். பிறகு ஒருமுறை சரித்துப் பார்ப்போம். உறைந்திருந்தால் இரத்தம் கட்டியாக அடியில் ஒட்டி நிற்கும். சிறுவனின் இரத்தம் தேநீர் போல வழிந்தோடியது. விஷம் உறையும் தன்மையைத் தின்றுவிட்டது என்பதற்கு அதைவிடச் சாட்சி வேண்டாம். விஷமுறிவு மருந்து ஏற்றினோம். அந்த மருந்தே கடும் ஒவ்வாமையைத் தரக்கூடியது. அதனால்தான் விஷம் ஏறியதற்கு அறிகுறி தெரியாமல் கொடுப்பதில்லை. ஒரு வாரம் விடுதியில் இருந்து நடந்து வீடு போனான்.

முதலை பற்றிச் சொல்ல வேண்டியது வேறு. மேல்பகுதியில் நன்னீர் முதலை, முகத்துவாரப் பக்கம் அதைவிடப் பெரிய உவர்நீர் முதலை. இரண்டும் துரத்தி வேட்டையாடுவதில்லை, காத்திருக்கின்றன. ஒரே துறையில் ஒரே நேரத்தில் இரை வந்து குனிவதைக் கவனித்துவைத்துக்கொள்ளும் விலங்கு அது. மீன் கழுவிய குடலையும் கோழி எலும்பையும் நாம் அந்தத் துறையில் எறிந்தால், இங்கே வா என்று கூப்பிடுவதாகத்தான் அர்த்தம். அடுத்த நாள் அங்கே துணி துவைக்கக் குனிகிறவள் நம்மைப் போல வந்து போகிறவள் அல்லள், அந்த ஊர்ப் பெண். இதை நினைக்கும்போது எனக்குக் கோபம் வருகிறது. முதலை கடித்த காயம் சிறிதாகத் தெரிந்தாலும் வீட்டில் மருந்து கட்டி வைக்காதீர்கள். அதன் வாயில் உள்ள கிருமிகள் ஆழத்தில் போய் அழுகச் செய்யும். கழுவித் திறந்தபடி விட்டுச் சில நாள் கழித்துத் தைக்க வேண்டியும் வரும்.

மணல் அள்ளிய குழிகள் இன்னொன்று. முழங்கால் ஆழத்தில் நிற்கிறவர் அடுத்த அடியில் தலைக்கு மேல் போய்விடுகிறார். மேலே பார்த்தால் தண்ணீர் ஒரே நிறம். மூழ்கியவரைத் தூக்கியதும் வயிற்றை அமுக்குவதும் தலைகீழாகச் சுற்றுவதும் இன்னும் நடக்கிறது. தயவுசெய்து வேண்டாம். அவருக்குத் தேவை காற்று. மூச்சு இல்லையென்றால் உடனே வாயில் ஊதுங்கள், நெஞ்சை அழுத்தத் தொடங்குங்கள், ஒருவர் 1990 என்ற அம்புலன்ஸ் இலக்கத்துக்கு அழைக்கட்டும்.

வீடு திரும்பிய பிறகும் ஆறு கூட வரலாம். எலியும் எருமையும் மாடும் சிறுநீர் கழித்த தண்ணீரில் காலில் சிறு வெடிப்போடு நின்றால் எலிக்காய்ச்சல் தொற்றும். ஒன்று, இரண்டு வாரம் கழித்துக் காய்ச்சல், கெண்டைக்கால் உளைவு, கண் சிவப்பு. அதற்குள் பயணம் மறந்துபோயிருக்கும். டெங்கு என்று நினைத்து மூன்று நாள் பரசிற்றமோல் குடித்து, சிறுநீர் குறைந்த பிறகு வருகிறார்கள். வைத்தியரிடம் ஒரு வரி சொல்லுங்கள்: இன்ன தேதியில் ஆற்றில் இறங்கினேன். அந்த ஒரு வரி சிறுநீரகத்தைக் காப்பாற்றியதை நான் பார்த்திருக்கிறேன்.

இரவு தங்குவதை நான் ஆதரிப்பதில்லை. வேறு வழியின்றித் தரையில் படுத்தால் நுளம்பு வலையைப் பாயின் அடியில் சுற்றிலும் செருகுங்கள். கட்டுவிரியன் நித்திரையில் இருப்பவரைக் கடிக்கும், வலியே தெரியாது. விடியற்காலையில் வயிற்று வலி, பிறகு இமை தூங்கி விழும். யானைக்கும் மாலைக்குப் பிறகுதான் நடமாட்டம் அதிகம், அதுவும் வறண்ட மாதங்களில் வில்லுப் புல்லைத் தேடி. சோற்று மணம் ஏறிய பொலித்தீனை அது பையோடு விழுங்குகிறது. அம்பாறைப் பள்ளக்காட்டுக் குப்பைமேட்டில் அப்படித் தின்று செத்த யானைகளின் செய்தியை எல்லோரும் படித்திருப்போம். பார்சல் சுற்றிய தாளை வீட்டுக்கே திருப்பிக் கொண்டுபோங்கள்.

நாங்கள் போகும்போது பத்து லீற்றர் தண்ணீர்க் கான் ஒன்று வண்டியில் இருக்கும். சாப்பாடு முடிந்ததும் மேட்டிலேயே, பாயருகிலேயே எல்லோர் கையிலும் நான் ஊற்றுவேன். பிள்ளைகள் முதலில் சிணுங்கினார்கள், இப்போது அவர்களே கானைத் தூக்கி வருகிறார்கள். நான்கு மணிக்குப் பாயைச் சுருட்டிவிடுவோம். போய் இறங்கியவுடன் இன்னொன்றும் செய்வேன்: பக்கத்தில் உள்ள கோயில் அல்லது பள்ளிவாசல், பாலம், வீதியின் பெயர் மூன்றையும் தொலைபேசியில் எழுதிவைப்பேன். 1990க்கு அழைத்தவர்கள் "ஆற்றங்கரையில் நிற்கிறோம்" என்று மட்டும் சொல்லி, அம்புலன்ஸ் மகாவலியின் மறு கரைக்குப் போய் நின்ற நாள் ஒன்று எனக்குத் தெரியும்.