மூன்று பகடைகளில் 10 ஏன் 9-ஐ முந்துகிறது?

நிகழ்தகவுப் பாடத்தின் முதல் பக்கத்திலேயே ஒரு பின்னம் வந்துவிடும்: சாதகமான விளைவுகளை மொத்த விளைவுகளால் வகுக்க வேண்டும். இதை எல்லோரும் மனப்பாடம் செய்துவிடுவார்கள். விளைவுகள் எல்லாம் சமவாய்ப்புள்ளவையாக இருக்க வேண்டும் என்ற நிபந்தனையைத்தான் பலரும் தாண்டிப் போய்விடுகிறார்கள். என்னைக் கேட்டால், பாடத்தின் உயிரே அங்கேதான் இருக்கிறது.

ஒரு நாணயத்தை இரண்டு முறை சுண்டினால் ஒரு தலையாவது விழ வாய்ப்பு என்ன? பிரெஞ்சுக் கணித அறிஞர் தாலம்பேர், 1754-இல் கலைக்களஞ்சியக் கட்டுரை ஒன்றில் 2/3 என்று வாதாடினார். முதல் தடவையே தலை விழுந்தால் ஆட்டம் முடிந்தது. இல்லாவிட்டால் பூவுக்குப் பின் தலை, அல்லது பூவுக்குப் பின் பூ. மூன்றில் இரண்டு சாதகம். ஆனால் முதல் தடவையே தலை விழ வாய்ப்பு அரை. மற்ற இரண்டுக்கும் கால், கால்தான். அரையும் காலும் முக்கால். அதுதான் சரியான விடை.

இதைவிட நுட்பமானது கலிலியோ தீர்த்த கணக்கு. மூன்று பகடைகளை உருட்டினால் கூட்டுத்தொகை 9 வர ஆறு சேர்க்கைகள். 10 வரவும் ஆறுதான். ஆனாலும் 10 அடிக்கடி விழுவதைச் சூதாடிகள் நீண்ட கால அனுபவத்தில் கண்டிருந்தார்கள். ஏன்? பகடைகளைத் தனித்தனியாகப் பாருங்கள். மொத்தம் 6×6×6 = 216 சமவாய்ப்புள்ள விளைவுகள். 1, 2, 6 என்ற சேர்க்கை ஆறு விதமாக விழும். 1, 4, 4 மூன்று விதமாக. 3, 3, 3 ஒரே விதமாகத்தான். 9-க்கான ஆறு சேர்க்கைகளில் இந்த 3, 3, 3 இருக்கிறது. 10-க்கு அப்படி மூன்றும் ஒன்றான சேர்க்கை கிடையாது. கூட்டிப் பார்த்தால் 9-க்கு 25, 10-க்கு 27.

சரி, இந்தச் சின்ன வித்தியாசம் உருட்டிப் பார்த்தால் தெரியுமா? இங்கேதான் புள்ளியியல் வருகிறது. 1,000 முறை உருட்டினால் 10 சுமார் 125 தடவையும் 9 சுமார் 116 தடவையும் வரும் என்று எதிர்பார்க்கலாம். வித்தியாசம் 9. ஆனால் அந்த வித்தியாசத்தின் திட்ட விலக்கமே, அதாவது எதிர்பார்ப்பிலிருந்து அது வழக்கமாக விலகும் அளவே, ஏறத்தாழ 15.5! அதனால் 9 முந்திவிடவும் நிறையவே இடமுண்டு. 10,000 முறை உருட்டினால் எதிர்பார்க்கும் வித்தியாசம் பத்து மடங்காகி 93-ஐத் தொடும். திட்ட விலக்கம் உருட்டல் எண்ணிக்கையின் வர்க்கமூல விகிதத்தில்தான் வளரும் என்பதால், 49-க்குப் பக்கத்தில் நின்றுவிடும். அத்தனை உருட்டல்களுக்கு அப்புறம்தான் 10-இன் முன்னிலை ஓரளவு நம்பிக்கையோடு கண்ணுக்குத் தெரியும்.