ஊடகம் மாறினால் படலம் மாறும்: வாய்ப் பாக்டீரியாக்களின் ஆய்வக வளர்ப்பு

பல்லின்மேல் படியும் வெண்ணிறப் படிவில் நுண்ணுயிர்கள் வாழ்வதைத் தம் நுண்ணோக்கியில் கண்டறிந்த டச்சு ஆய்வாளர் ஆன்டனி வான் லீவன்ஹூக், 1684-ஆம் ஆண்டில் மற்றொரு செய்தியையும் பதிவுசெய்தார். படிவைச் சுரண்டி எடுத்து நீரில் கரைத்து, அதில் வினிகரைக் கலந்தபோது உயிர்கள் உடனே மடிந்தன. அதே வினிகரால் பற்களைக் கழுவியபோதோ படிவின் வெளிப்புறத்தில் இருந்தவை மட்டுமே இறந்தன. உள்ளே இருந்தவை பிழைத்துக்கொண்டன.

இந்த வேறுபாட்டுக்குக் காரணம், அப்படிவு ஓர் உயிர்ப்படலம் என்பதே. பாக்டீரியாக்கள் ஒரு பரப்பைப் பற்றிக்கொண்டு, தாமே உண்டாக்கும் சர்க்கரைப் பல்படிகள் (நீண்ட சங்கிலி மூலக்கூறுகள்), புரதங்கள், டி.என்.ஏ. ஆகியவை சேர்ந்த பசைக்குள் புதைந்து வாழ்கின்றன. அந்தப் பசை மருந்து உட்புகுவதைத் தாமதப்படுத்துகிறது. ஆழத்தில் உணவும் ஆக்சிஜனும் குறைந்து மெதுவாக வளரும் உயிரணுக்கள், வேகமாக வளர்பவற்றைவிட அதிகமாக மருந்தைத் தாங்குகின்றன. எனவே குடுவையில் தனித்தனியாக மிதக்கும் பாக்டீரியாக்களின்மீது ஒரு வாய்க்கொப்பளிப்பானைச் சோதித்துவிட்டு, அது பல்லிலும் அவ்வாறே வேலை செய்யும் என்று கருத முடியாது. படலத்தைப் படலமாகவே வளர்த்தாக வேண்டும்.

அதற்கு முதலில் பல்லைப் போன்ற ஒரு பரப்பு தேவை. எனாமலின் முக்கியக் கனிமமான ஹைட்ராக்சிஅபடைட்டால் ஆன சிறு வில்லைகள் இதற்குப் பரவலாகப் பயன்படுகின்றன. தூய்மையாக்கிய உமிழ்நீரில் வில்லையை ஊறவைக்கும்போது, உமிழ்நீரின் புரதங்கள் அதன்மேல் மெல்லிய பூச்சாகப் படிகின்றன. வாயிலும் துலக்கி முடித்த சில நிமிடங்களிலேயே இப்பூச்சு உருவாகிவிடுகிறது. பாக்டீரியாக்கள் பற்றிக்கொள்வது பெரும்பாலும் இப்பூச்சைத்தான். ஸ்ட்ரெப்டோகாக்கஸ் சாங்குவினிஸ், ஸ்ட்ரெப்டோகாக்கஸ் ஓராலிஸ், ஆக்டினோமைசிஸ் போன்றவை முதலில் குடியேறுகின்றன. பின்னர், முன்னோடிகளோடும் பின்வருபவற்றோடும் ஒருசேர ஒட்டக்கூடிய நீண்ட ஃபியூசோபாக்டீரியம் நியூக்ளியேட்டம் வருகிறது. ஆக்சிஜனைத் தாங்காத போர்ஃபைரோமோனாஸ் ஜிஞ்சிவாலிஸ் போன்ற ஈறுநோய்க் கிருமிகள் அதன் துணையோடு இடம்பிடிக்கின்றன.

அடுத்தது வளர்ப்பு ஊடகம், அதாவது பாக்டீரியாக்கள் வளர்வதற்கான ஊட்டக் கரைசல். என் பார்வையில் முழுச் சோதனையின் முடிவையும் தீர்மானிக்கும் இடம் இதுவே. மூளை மற்றும் இதயத் திசுச் சாற்றிலிருந்து செய்யப்படும் ஊட்டக் கரைசல் ஆய்வகங்களில் எளிதில் கிடைப்பது. பல பாக்டீரியாக்கள் அதில் செழிக்கும். ஆனால் அதில் எந்தச் சர்க்கரை சேர்கிறது என்பதைப் பொறுத்துப் படலத்தின் தன்மையே மாறிவிடுகிறது. பற்சொத்தையோடு தொடர்புடைய ஸ்ட்ரெப்டோகாக்கஸ் மியூட்டன்ஸ், குளுக்கோஸ் மட்டும் உள்ள கரைசலில் மெலிந்த படலத்தையே உண்டாக்கும். சுக்ரோஸைக் கொடுத்தால், அதன் நொதிகள் சுக்ரோஸைப் பிளந்து அதிலுள்ள குளுக்கோஸ் பகுதிகளைக் கோத்து, நீரில் கரையாத குளுக்கான் என்னும் சர்க்கரைச் சங்கிலியாக மாற்றுகின்றன. படலம் தடித்து, வில்லையோடு இறுகிவிடுகிறது.

வாயில் பாக்டீரியாக்களின் நிரந்தர உணவு உமிழ்நீரே. அதிலுள்ள மியூசின் என்னும் புரதத்தில் சர்க்கரைச் சங்கிலிகள் கிளைகிளையாக இணைந்துள்ளன. அவற்றை முழுவதும் சிதைக்கத் தேவையான நொதிகள் அனைத்தும் ஒரே இனத்திடம் இருப்பது அரிது. ஒன்று வெட்டிவிட்ட மிச்சத்தை மற்றொன்று உண்கிறது. ஆகவே பன்றி இரைப்பையிலிருந்து எடுக்கும் மியூசினைச் சேர்த்த செயற்கை உமிழ்நீரில், வேகமாக வளரும் ஓரிரு இனங்கள் மற்றவற்றை அமுக்கிவிடாமல் பல இனங்கள் சேர்ந்து வாழ முடிகிறது. சிலவற்றுக்குத் தனித் தேவைகளும் உண்டு: போர்ஃபைரோமோனாஸுக்கு இரும்பு கொண்ட ஹீமினும் வைட்டமின் கே வகையும், மற்றொரு ஈறுநோய்க் கிருமியான டானரெல்லா ஃபார்சிதியாவுக்கு என்-அசிட்டைல் மியூராமிக் அமிலமும் வேண்டும். லாஸ் ஏஞ்சலஸிலுள்ள கலிஃபோர்னியா பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2010-இல் வெளியிட்ட ஷி ஊடகம், இத்தகைய தேவைகளை ஒன்றுசேர்த்து, உமிழ்நீரில் உள்ள கூட்டத்தின் பன்மையை இயன்றவரை காப்பதற்காகவே உருவாக்கப்பட்டது.

எதைக் கொடுப்பது என்பதோடு எப்போது கொடுப்பது என்பதும் முக்கியம். வாய்க்குச் சர்க்கரை இடைவிட்டே வருகிறது. இடையில் உமிழ்நீர் அமிலத்தைத் தணிக்கிறது. இதைக் கருத்தில் கொண்ட ‘சூரிக் மாதிரி’ என்னும் வளர்ப்பு முறையில், வில்லைகளைக் குறுகிய நேரம் சர்க்கரைக் கரைசலில் வைத்துவிட்டு மீண்டும் உமிழ்நீருக்கு மாற்றுகிறார்கள். பிரிட்டனின் ஃபிலிப் மார்ஷும் அவருடைய குழுவினரும் 1989-இல் வெளியிட்ட ஆய்வு இங்கே குறிப்பிடத்தக்கது. அவர்கள் வாய்ப் பாக்டீரியாக் கலவைக்கு நாள்தோறும் குளுக்கோஸ் கொடுத்தபோது, கரைசலின் பிஎச் அளவை (இது குறையக் குறைய அமிலத்தன்மை கூடும்) நடுநிலையான 7-இல் நிலைநிறுத்திய கலத்தில் இனங்களின் விகிதம் பெரிதாக மாறவில்லை. பிஎச் இறங்க விடப்பட்ட கலத்திலோ ஸ்ட்ரெப்டோகாக்கஸ் மியூட்டன்ஸும் லாக்டோபாசில்லஸும் பெருகின. கூட்டத்தின் சமநிலையைக் குலைப்பது சர்க்கரையிலிருந்து பிறக்கும் அமிலம் என்பது இவ்வாறு தெளிவாயிற்று. இதை மனித வாயில் பிரித்தறிவது ஏறத்தாழ இயலாத செயல். செயற்கை வளர்ப்பின் உண்மையான மதிப்பு இத்தகைய இடங்களில்தான் வெளிப்படுகிறது.

வளர்ந்த படலத்தை அளக்கப் பல வழிகள் உள்ளன. படிக ஊதாச் சாயம் மொத்தப் படலத்தின் அளவைக் காட்டும். ஆனால் உயிருள்ளதையும் இறந்ததையும் அது பிரித்துக் காட்டாது. அதற்கு ஒளிரும் சாயங்களும், படலத்தை அடுக்கடுக்காகப் படமெடுக்கும் கன்ஃபோகல் நுண்ணோக்கியும் தேவை.

எத்தனை கவனமாக ஊடகம் அமைத்தாலும் வாய் இனங்களில் கணிசமானவை இன்னும் தனியாக வளர்க்கப்படவில்லை. சாக்கரிபாக்டீரியா குழுவைச் சேர்ந்த டிஎம்7எக்ஸ் என்னும் பாக்டீரியா இது ஏன் என்று காட்டுகிறது. பலகாலம் மரபணுத் தடயமாக மட்டுமே அறியப்பட்டிருந்த இக்குழுவின் இந்த நுண்ணிய பாக்டீரியாவை ஆய்வாளர்கள் வளர்த்தபோது, அது ஆக்டினோமைசிஸ் ஓடோன்டோலிட்டிக்கஸ் என்ற மற்றொரு பாக்டீரியாவின் மேற்பரப்பில் ஒட்டி வாழும் ஒட்டுண்ணி என்பது 2015-இல் வெளியான ஆய்வில் தெரியவந்தது. பல அமினோ அமிலங்களைத் தானே ஆக்கும் திறன் அதற்கு இல்லை. அதனால் அதை வளர்க்க விரும்புபவர் ஊட்டக் கரைசலோடு, உயிருள்ள அந்த ஆக்டினோமைசிஸையும் சேர்த்தே வளர்க்க வேண்டியிருக்கிறது.