கூனியும் றால்தான்: மட்டக்களப்புக்குச் சாப்பிட வருபவர்களுக்கு

போன மாதம் வாவிக்கு மேற்கே, படுவான்கரைக் கிராமம் ஒன்றில் மத்தியானச் சாப்பாடு. ஒன்பது வயதுப் பையன் ஒருவன் கோப்பையைத் தள்ளி வைத்துவிட்டுக் கழுத்தைச் சொறியத் தொடங்கினான். கொஞ்ச நேரத்தில் உதடு தடித்தது, இமை வீங்கியது. மூச்சை இழுக்கும் சத்தம் கேட்டதும் தாய் எழுந்து ஓடினார். ஒவ்வாமைக்குப் போடும் ஊசி அவர்களிடம் இருந்தது. ஆனால் அது வானுக்குள் இருந்தது, வான் பூட்டிக் கிடந்தது, சாரதி சந்திக் கடைக்குத் தேத்தண்ணி குடிக்கப் போயிருந்தார்.

பையன் பிழைத்தான். சாரதியைப் பிடித்து, ஊசி போட்டு, ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போய், இரவு முழுக்க வைத்துப் பார்த்து மறுநாள் விட்டார்கள். ஆனால் நான் பதினான்கு வருடமாக ஆட்களைக் கூட்டிக்கொண்டு இந்த ஊரைச் சாப்பாட்டின் வழியாகக் காட்டி வருகிறேன். ஒரே வருடத்தில் இது மூன்றாவது. இதற்கு மேலும் எழுதாமல் இருக்க முடியவில்லை.

நடந்தது இதுதான். பையனுக்கு றாலும் நண்டும் ஆகாது என்று குடும்பம் எனக்கு முன்கூட்டியே சொல்லியிருந்தது. நானும் சமைக்கிற பெரியம்மாவிடம் அப்படியே சொன்னேன். அவரும் கவனமாகத்தான் சமைத்தார். நண்டுச்சட்டியை அன்று அடுப்பில் ஏற்றவே இல்லை. பையன் சாப்பிட்டது சோறு, பருப்பு, முருங்கையிலைச் சுண்டல். பதறிப்போய்க் குசினிக்குள் ஓடி, சுண்டலில் றால் போட்டீங்களா என்று கேட்டேன்.

"இல்ல மகள். றால் போடல்ல. கூனி மட்டும்தான், ஒரு கை."

பெரியம்மாவில் பிழை சொல்ல மாட்டேன். வாவிக்கரையில் பிறந்து வளர்ந்த ஒருவருக்கு றால் வேறு, கூனி வேறு. றால் என்பது குழம்பு வைக்கிற அளவுக்குப் பெரியது, சந்தையில் விலை பேசி வாங்குவது. கூனி பொடி றால், காய வைத்து, சுண்டுப் பேணியால் அளந்து, ருசிக்குத் தூவுவது. உப்பைப் போல. நீங்கள் உப்பைச் சொல்லிக் கேட்டால்தானே ஒருவர் உப்பைப் பற்றிச் சொல்வார்? கேட்டிருக்க வேண்டியது நான். நான் கேட்கவில்லை.

என்னைக் கோபப்படுத்தியது கூனி அல்ல. பையனின் தாத்தா சாப்பாட்டுக்கு முன்னால் ஒரு வசனம் சொன்னார். ஆஸ்பத்திரி விறாந்தையிலும் திரும்ப அதையே சொன்னார். "இது ஆதியில இருந்து நாம சாப்பிடுற சாப்பாடு. நம்ம சாப்பாடு நமக்கு ஒண்டும் செய்யாது." அவரிடம் மட்டுமா கேட்டேன்? வெளிநாட்டில் இருந்து வருகிறவர்கள், கொழும்பில் இருந்து வருகிறவர்கள், இங்கேயே விருந்தினர் விடுதி நடத்துகிறவர்கள், எல்லோரிடமும் இந்த வசனம் இருக்கிறது. பாரம்பரியம் என்றால் மாறாதது, மாறாதது என்றால் சுத்தமானது, சுத்தமானது என்றால் தீங்கு செய்யாதது. இந்த மூன்று படியும் பிழை. முதற்படியில் இருந்தே பிழை.

சரி, ஆதியில் இருந்து என்றால் எதில் இருந்து? புளியந்தீவில் இருந்து தொடங்குவோம், நான் ஆட்களைக் கூட்டிப்போகும் நடையும் அங்கேதான் தொடங்குகிறது. பழைய பட்டினம் அந்தத் தீவுதான். புளியமரத்தால் வந்த பெயர். அந்தப் புளியே ஆபிரிக்காவைப் பிறப்பிடமாகக் கொண்ட மரம், எத்தனையோ நூற்றாண்டுக்கு முன் கடல் கடந்து வந்து நம் மரமாகிவிட்டது. கோட்டை வாசலில் நின்று பாருங்கள். 1602இல் ஸ்பில்பேர்கன் என்ற ஒல்லாந்தர் இந்தக் கரையில்தான் வந்து இறங்கினார், மிளகும் கறுவாவும் தேடி. இங்கிருந்துதான் கண்டி அரசனைப் பார்க்கப் போனார். 1628இல் போர்த்துக்கேயர் கோட்டை கட்டினார்கள். பத்தே வருடம், 1638இல் ஒல்லாந்தர் அதைப் பிடித்துக்கொண்டார்கள். பீரங்கியைப் படம் எடுத்துக்கொண்டு எல்லோரும் திரும்பி விடுகிறார்கள். அந்த வரலாறு பீரங்கியில் இருப்பதை விட உங்கள் அம்மாவின் வாயில் அதிகம் இருக்கிறது. சமைக்கும் இடத்தைக் குசினி என்கிறோம், போர்த்துக்கேயச் சொல். காலையில் வாங்குவது பாண், அதுவும் அவர்கள் சொல். அன்னாசி அவர்கள் சொல். கஜு அவர்கள் சொல், மரமும் பிரேசிலில் இருந்து அவர்கள் கொண்டு வந்தது. இன்று வாகரைப் பக்கம் போனால் அந்த மரம் இல்லாத ஊர் எப்படி இருந்திருக்கும் என்று நினைத்துக்கூடப் பார்க்க முடியாது.

மிளகாயை எடுங்கள். செத்தல் மிளகாய் இல்லாத மட்டக்களப்புக் கறியை யாராவது ஏற்பீர்களா? அமெரிக்கக் கண்டத்துக் காய் அது. போர்த்துக்கேயருக்கு முன் இங்கே உறைப்பு என்றால் மிளகுதான். புதிதாக வந்த காய்க்கு மிளகின் பெயரை வைத்தே மிளகு-காய் என்று பேர் கொடுத்துவிட்டோம். போர்த்துக்கேய, ஒல்லாந்த வழிவந்த பறங்கியர் வீட்டு நத்தாருக்கு லவ் கேக் செய்வார்கள்: ரவை, கஜு, பன்னீர், பூசணித் தோசி என்ற இனிப்பு. அந்தத் தோசியும் போர்த்துக்கேயச் சொல்தான். டச்பார் கரையில் சுனாமி அடித்துக்கொண்டு போன பறங்கியர் வீடுகளின் ஆட்கள் இன்று திராய்மடுவில் இருக்கிறார்கள்.

அடுத்தது பிட்டு. இங்கே நான் எப்போதும் அதிக நேரம் எடுப்பேன், பொறுத்துக்கொள்ளுங்கள். "பிட்டும் தேங்காய்ப்பூவும் போல" என்று நம் பக்கத்தில் தமிழரையும் முஸ்லிம்களையும் சொல்வார்கள். யாழ்ப்பாணத்து நண்பர்களுக்கு இது உடனே பிடிபடுவதில்லை, ஏனென்றால் அங்கே நீத்துப்பெட்டியில் அவித்தெடுத்தால் தேங்காய்ப்பூ மாவோடு கலந்து போய்விடும். குழல் பிட்டைத் தள்ளிப் பார்த்தால்தான் தெரியும்: ஒரு அடுக்கு மா, ஒரு அடுக்கு தேங்காய்ப்பூ, திரும்ப மா. இப்போது கரையோர வீதியில் தெற்கே போங்கள். காத்தான்குடி முஸ்லிம் ஊர், ஒட்டியே ஆரையம்பதி தமிழ் ஊர். இன்னும் கீழே பெரியநீலாவணை, மருதமுனை, பாண்டிருப்பு. கல்முனை தாண்டினால் சாய்ந்தமருது, காரைதீவு, நிந்தவூர். ஒன்று விட்டு ஒன்று. வீதியே குழல் பிட்டு. போர்த்துக்கேயர் தங்கள் பகுதிகளில் இருந்து முஸ்லிம்களைத் துரத்தியபோது, 1626இல் கண்டி அரசன் செனரத் அவர்களில் நாலாயிரம் பேரை இந்தப் பக்கம் குடியேற்றினான். அதற்கு முன்னும் இருந்தார்கள், பின்னும் வந்தார்கள். தாய்வழிக் குடிமுறை இரண்டு பக்கமும் உண்டு, மாப்பிள்ளை பெண் வீட்டுக்குத்தான் போவார். குழம்பைச் சொல்லும் ஆணம் என்ற பழந்தமிழ்ச் சொல் இந்தப் பக்கத்துக் குசினிகளில் இன்னும் உயிரோடு இருக்கிறது. 1990இல் இந்த அடுக்குகளுக்கு நடுவே ஓடிய இரத்தத்தையும் நான் மறைத்துச் சொல்வதில்லை. இரண்டு பக்கமும் உயிர்கள் போயின. அந்தப் பழமொழியைச் சிரித்த முகத்தோடு மட்டும் சொல்லிவிட்டுப் போக என்னால் முடியாது.

அந்தப் பிட்டு மாவாவது ஆதியில் இருந்து ஒன்றா? அரிசி மா இடித்துப் பிட்டு அவித்த வீடுகளில்தான் பின்னால் அமெரிக்கன் மா நுழைந்தது. கோதுமை மாவுக்கு அந்தப் பெயர் ஏன் வந்தது என்று இளம் பிள்ளைகளுக்குத் தெரியாது. அமெரிக்காவில் இருந்து உதவித் திட்டத்தில் வந்த மா, அவ்வளவுதான். எழுபதுகளின் தட்டுப்பாட்டைக் கண்டவர்களிடம் கேளுங்கள், ஒரு இறாத்தல் பாணுக்கு வரிசையில் நின்ற கதை வரும். அதே போல் தேங்காய்ப்பூவைக் கேட்டால் 1978 நவம்பர் சூறாவளி வரும். ஒரே இரவில் தென்னந்தோட்டங்கள் சரிந்தன. எங்கள் வீட்டில் எந்தக் கதையையும் சூறாவளிக்கு முந்தி, பிந்தி என்றுதான் சொல்வார்கள்.

ஆக, தாத்தா சொன்ன அந்த ஆதிச் சாப்பாட்டில் ஆதியில் இருந்தே இந்த மண்ணில் இருந்தது எது? வாவி. அதில் பிடித்த மீன், நண்டு, கூனி. பையனின் கோப்பையில் கண்டம் விட்டுக் கண்டம் வந்த மிளகாய் ஒன்றும் செய்யவில்லை. யாரும் எங்கிருந்தும் கொண்டு வராத, வாவி தானாகத் தந்த கூனிதான் அவன் மூச்சை அடைத்தது. பழமைக்கும் உடம்புக்கும் சம்பந்தம் இல்லை. பரம்பரை பரம்பரையாகக் கூனி சாப்பிட்ட குடும்பத்திலும் ஒரு பிள்ளைக்கு அது ஆகாமல் போகும். இதைத் தாத்தாமாரிடம் தயவுசெய்து சொல்லுங்கள். "கொஞ்சம் கொஞ்சமாச் சாப்பிட்டாப் பழகிடும்" என்று பேரப்பிள்ளைக்கு ஒளித்து ஊட்டுகிறவர்களையும் பார்த்திருக்கிறேன். செய்யாதீர்கள். இது பிள்ளையின் உயிர்.

மற்ற இரண்டையும் சொல்லிவிடுகிறேன். ஒருவர் பிறந்ததில் இருந்து சைவம். காலையில் இடியப்பத்தோடு தேங்காய்ச் சம்பலை ருசித்துச் சாப்பிட்டு முடித்த பிறகுதான் அதில் மாசிக் கருவாடு இடித்துப் போட்டிருப்பது தெரிந்தது. அவர் அழுதார். மாலைதீவில் இருந்து வந்த மாசி நம் சம்பலில் எவ்வளவு ஊறிவிட்டதென்றால், போட்டவருக்கே போட்ட நினைவு இல்லை. இன்னொன்று ஒரு சிறுமி, கஜு மரத்தில் பழத்தோடு தொங்கிய கொட்டையைப் பறித்துக் கடித்துவிட்டாள். கோதில் இருக்கும் எண்ணெய் தோலை வேகவைத்துவிடும். வாயெல்லாம் கொப்புளம். கடையில் வாங்கும் கஜுவும் மரத்தில் தொங்கும் கொட்டையும் ஒன்றல்ல, மரத்தடியில் பிள்ளைகளை விட்டுவிட்டுப் படம் எடுத்துக்கொண்டு நிற்காதீர்கள்.

வருகிறவர்களே, "இதுக்குள்ள றால் இருக்கா?" என்று கேட்காதீர்கள். "இதுக்குள்ள என்னென்ன போட்டீங்க?" என்று கேளுங்கள். ஒவ்வொரு கறிக்கும், சம்பலுக்கும், சுண்டலுக்கும். கீரை என்றாலும் கேளுங்கள். பிட்டு என்றால் அரிசி மாவா, கோதுமை மாவா, கலந்ததா என்று கேளுங்கள், கோதுமை ஆகாதவர்கள் இதைக் கேட்காமல் வாயில் வைக்கவே வேண்டாம். வட்டிலப்பத்தில் முட்டை உண்டு. லவ் கேக்கில் கஜு உண்டு. றால் ஆகாதவருக்கு நண்டும் ஆகாமல் போகலாம், ஒரே அகப்பையை இரண்டு சட்டிக்குள்ளும் விடுவார்கள், அதையும் கேளுங்கள். காய வைத்தாலும் அவித்தாலும் பொரித்தாலும் கூனி கூனிதான். தெரியாத மீனைத் தோணிக்காரரிடம் நேரே வாங்கிச் சமைக்க வேண்டாம், பேத்தை மீனின் நஞ்சு எவ்வளவு கொதித்தாலும் போகாது. சட்டித் தயிரை வெயிலில் வானுக்குள் வைத்துவிட்டு ஊர் சுற்றிவிட்டு வந்து பின்னேரம் சாப்பிடாதீர்கள்.

ஊசி வைத்திருக்கிறவர்கள் அதை இடுப்பில் வையுங்கள். பையில் வேண்டாம், வானில் வேண்டவே வேண்டாம். போட்டதும் சரியாகிவிட்டது என்று விடுதிக்குத் திரும்பாதீர்கள், சில மணி நேரத்தில் திரும்பவும் வரலாம், ஆஸ்பத்திரிக்குப் போயே ஆகவேண்டும். ஊசி இல்லாதவர்கள் உதடு வீங்கினாலோ மூச்சு இழுத்தாலோ 1990ஐ அழையுங்கள், அம்புலன்ஸ் இலவசம். மஞ்சளும் இஞ்சியும் கரைத்துக் கொடுத்து நேரத்தை வீணாக்க வேண்டாம்.

வீட்டில் சமைத்துப் போடுகிற அக்காமாரே, பெரியம்மாமாரே, உங்களிடம் ஒரு மன்றாட்டம். யாரும் கேட்கும்போது அது உங்கள் கைப்பக்குவத்தில் குறை பிடிப்பதல்ல. உங்களிடம் கேட்டுத்தான் இந்த ஊரின் கதையை நானே படித்தேன். எந்த மா, எங்கே வாங்கிய கூனி, ஏன் இந்தச் சுண்டலுக்கு மட்டும் கூனி, உங்கள் அம்மா எப்படிச் செய்தார் என்று நீங்கள் சொல்லத் தொடங்கினால் வந்தவர்கள் கோட்டையை மறந்துவிட்டு உங்கள் குசினி வாசலிலேயே இருந்துவிடுகிறார்கள். ஒளிக்க ஒன்றும் இல்லை, எல்லாவற்றையும் சொல்லுங்கள்.

அந்தப் பெரியம்மா வீட்டுக்குப் போன கிழமை திரும்பப் போனேன். ஒரு துண்டுக் கடதாசியில் பெரிய எழுத்தில் எழுதிக்கொண்டு போனதை அடுப்புக்கு மேலே அவரே ஒட்டினார்: றால், கூனி, நண்டு, மாசி, கருவாடு, முட்டை, கஜு, கச்சான், கோதுமை மா, பால். வாசித்துப் பார்த்துவிட்டு, எள்ளை ஏன் விட்டாய் மகள் என்று கேட்டார். எழுதிச் சேர்த்தேன்.